ஸெட்டோ என்று கத்திய அண்ணன்

ஜப்பானிய மொழி வகுப்பில் சேர்ந்து நாலு மாதம் ஆகியிருந்தது. இரண்டு எழுத்து வரிசைகளும் பழகிவிட்டன, கான்ஜி என்கிற சீனவழி எழுத்து நூறு தாண்டிவிட்டது, ஆனால் யாராவது பேசினால் மட்டும் காதில் எதுவும் நிற்காது. செய்தி கேட்டேன், நாடகம் பார்த்தேன், எல்லாம் ஒரே ஓட்டமாக ஓடியது. சென்ஸேயிடம், அதாவது ஆசிரியரிடம், சொன்னபோது அவர் கொஞ்சம்கூட யோசிக்கவில்லை. "எழுபதுகள்ல வந்த டிவி கார்ட்டூன் பாட்டு கேளுங்க. ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியா காதில விழும்" என்றார். போர்டில் ஒரு பெயரையும் எழுதினார். மிஸுகி இச்சிரோ.

அன்று ராத்திரி தேடியதும் முதலில் கிடைத்தது ஒரு மேடைக் காட்சி. கழுத்தில் சிவப்புத் துண்டு கட்டிய வயதான மனிதர் ஒருவர் பாடுகிறார், எதிரே நிற்பவர்கள் பெரும்பாலும் நாற்பது ஐம்பது வயதுக்காரர்கள், கையை உயர்த்தி அத்தனை வரியும் கூடவே பாடுகிறார்கள். பாட்டு முடிகிற இடத்தில் அவர் இடுப்பைப் பின்னால் வளைத்து "ஸேஏஏஏஏ" என்று இழுத்தார். கூட்டம் மூச்சை அடக்கிக் காத்திருந்தது. அப்புறம் ஒரு நொடி முழு அமைதி, அதன் மேல் "டோ!" என்று ஒரு வெட்டு. எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. என்ன பாட்டு, யாரைப் பற்றிய பாட்டு, எதுவும் அப்போது தெரியாது.

அந்த ஒரு சொல்லிலிருந்தே தொடங்குகிறேன், ஏனென்றால் ஜப்பானிய மொழியின் தாளம் எனக்குப் புரிந்ததே அந்தச் சொல்லில்தான். ஆங்கிலத்தின் கடைசி எழுத்தை அவர்கள் 'ஸெட்டோ' என்கிறார்கள். ஸெ, ட், டோ என்று மூன்று மாத்திரை. நம் இலக்கணத்தில் ஒற்றுக்கு அரை மாத்திரைதான், தொல்காப்பியத்திலிருந்து அப்படித்தான் கணக்கு. ஜப்பானிய மொழியில் நடுவில் வரும் அந்த ஒற்றுக்கும் முழு மாத்திரை உண்டு. வாயை அடைத்துக்கொண்டு ஒரு தட்டு நேரம் சும்மா இருக்க வேண்டும். மிஸுகி முதல் எழுத்தை அளபெடையாக எவ்வளவு நேரம் இழுத்தாலும் அந்த ஒற்றின் மாத்திரையை விட்டுக்கொடுப்பதில்லை. கத்தலுக்கு நடுவே அந்த மௌனத்தைச் சரியாக வைத்துவிட்டுத்தான் முடிக்கிறார். நாலு மாதமாக என் காதில் ஏறாத விஷயம் அந்த ஒரே நிமிடத்தில் ஏறியது.

சரி, யார் இவர்?

1948 ஜனவரி 7, டோக்கியோவில் பிறந்தவர். இயற்பெயர் ஹயகாவா தோஷியோ. 1968-ல், இருபது வயதில், நிப்பான் கொலம்பியா நிறுவனத்தின் இசைத்தட்டு மூலம் பாடகராக அறிமுகமானார். அது காதல் பாட்டு, 'உனக்குச் சமர்ப்பிக்கும் என் பாட்டு' என்கிற மாதிரி தலைப்பு. கோட்டு சூட்டு போட்டு மேடையில் நின்று வெகுஜனப் பாட்டு பாடும் பாடகராக வர வேண்டும் என்பதுதான் திட்டம். அந்த வழியில் பெரிதாக எதுவும் நடக்கவில்லை. மூன்று வருடம் கழித்து, 1971-ல், ஒரு ஆதிகாலச் சிறுவனைப் பற்றிய கார்ட்டூன் தொடருக்கு முகப்புப் பாட்டு பாடும் வாய்ப்பு வந்தது. தொடரின் பெயர் 'கென்ஷி ஷோனென் ர்யூ'. வாழ்க்கை அங்கேதான் திரும்பியது.

அந்தக் காலத்தில் 'அனிசாங்' என்ற சொல் புழக்கத்தில் இல்லை. இன்று அனிமே எனப்படும் ஜப்பானியக் கார்ட்டூன்களின் பாட்டுக்கு அந்தப் பெயரில் தனி மேடை, தனிக் கடை, தனி ரசிகர் கூட்டம் எல்லாம் உண்டு. அன்று அது 'டிவி மங்கா பாட்டு', சின்னப் பிள்ளைகள் சமாச்சாரம். இசைத்தட்டின் உறையில் வீரனின் படம் இருக்கும், ரோபோவின் படம் இருக்கும், பாடியவன் முகம் இருக்காது. பாடகனாகப் பெயர் வாங்கத் துடிக்கும் இளைஞன் இதை வாங்கிக்கொள்வது சுலபமில்லை. மிஸுகி வாங்கிக்கொண்டார் என்பது மட்டுமில்லை, ஐம்பது வருடம் வேறு பக்கம் பார்க்கவே இல்லை. இந்த மனிதர் மேல் எனக்கு இருக்கும் மரியாதையெல்லாம் அங்கிருந்துதான் வருகிறது.

குழந்தைகளுக்குப் பாடும்போது பெரியவர்கள் பலர் குரலைக் குறைத்துக்கொள்வார்கள். கொஞ்சும் குரல், சிரிப்பு கலந்த குரல், 'இது உனக்குத்தான் கண்ணு' என்கிற குரல். மிஸுகியிடம் அது கிடையாது. ஏழு வயதுப் பையனுக்கு முன்னால் எழுபது வயதுக்காரருக்குப் பாடுவது போலத்தான் பாடுகிறார்.

இதற்கு நான் காட்டும் சாட்சி 1972-ல் வந்த 'சோஜின் பரோம் வன்' என்ற தொடரின் பாட்டு. கார்ட்டூன் இல்லை, நடிகர்கள் வேஷம் கட்டி நடித்த தொடர். இரண்டு பையன்கள் ஒன்றாகச் சேர்ந்து ஒரே வீரனாக மாறுவார்கள், அவனுக்கு மாக் ராட் என்று ஒரு கார் உண்டு. இசை கிகுச்சி ஷுன்ஸுகே. பின்னாளில் டோரேமோனுக்கும் டிராகன் பாலுக்கும் இசையமைத்தவர் அவர்தான். அந்தப் பாட்டில் முக்கால்வாசி ஒலிக்குறிப்புச் சொற்கள். கார் கிளம்பினால் 'புரோரோரோரோ', பாய்ந்தால் 'க்யூன்', அடித்தால் 'ஸுபாபாபான்'. நம் ஊரில் ஒரு பின்னணிப் பாடகர் கையில் 'டுர்ர்ர்ர், விஷ்ஷ்ஷ், டமால்' என்று எழுதிய தாளைக் கொடுத்து நெஞ்சைத் தொட்டுப் பாடுங்கள் என்றால் எப்படி இருக்கும்? மிஸுகி பாடியிருக்கிறார். 'புரோரோரோரோ' என்பதில் வரும் ஒவ்வொரு 'ரோ'வும் தாளத்தில் உட்கார்ந்திருக்கிறது, ஒன்றுகூட மழுங்கவில்லை. குரலில் கேலியின் சாயல் எங்கேயும் இல்லை. கார் நிஜமாகவே போகிறது. பத்து தடவையாவது கேட்டிருப்பேன், ஒவ்வொரு தடவையும் அந்தக் கார் போகிறது.

அதே வருடம் டிசம்பர் 3-ம் தேதி ஃபூஜி டிவியில் 'மஜிங்கா ஸெட்' ஆரம்பமானது. நாகாய் கோ உருவாக்கிய கதை. மனிதன் உள்ளே ஏறி உட்கார்ந்து ஓட்டும் ராட்சத ரோபோ என்கிற வகைக்கே அதுதான் பிள்ளையார் சுழி என்பார்கள். அதற்கு முன் வந்த ரோபோக்களை வெளியே நின்று இயக்குவார்கள். இதில் பையன் ஒரு குட்டி விமானத்தில் பறந்துவந்து ரோபோவின் மண்டையில் இறங்குவான், இறங்கும்போது "பைல்டர் ஆன்!" என்று கத்துவான். 92 வாரம் ஓடியது.

முகப்புப் பாட்டுக்கு இசை வதனபே மிச்சியாகி. டோக்கியோ பல்கலைக்கழகத்தில் உளவியல் படித்தவர், ஜாஸ் இலக்கணத்தில் ஊறியவர், அப்போதே நாற்பதுகளின் பின்பாதியில் இருந்தார். பித்தளைக் கருவிகள் கதவை உடைத்துக்கொண்டு வருவது போல வரும், அதன் பின்னால் மிஸுகியின் குரல். அப்போது அவருக்கு வயது 24. ரோபோவை இரும்புக் கோட்டை என்று வர்ணித்துத் தொடங்கும் பாட்டு, அப்புறம் நேராகத் தொழில்நுட்பத்துக்குள் போய்விடும். 'பைல்டர் ஆன்' பாட்டிலேயே வருகிறது. 'ராக்கெட் பஞ்ச்' வருகிறது. நெஞ்சிலிருந்து பாயும் நெருப்புக்கு ஒரு பெயர் உண்டே, 'ப்ரெஸ்ட் ஃபயர்', அதுவும் வருகிறது. ஒரு ஆயுதப் பட்டியலைத்தான் பாடுகிறார், ஆனால் போருக்குப் போகிறவனின் ரத்த ஓட்டம் அதில் கேட்கிறது. டிவிக்கு முன்னால் உட்கார்ந்திருந்த பிள்ளைக்கு அந்தப் பெயர்கள்தான் உலகத்திலேயே முக்கியமான சொற்கள். மிஸுகிக்கும் அப்படித்தான் என்று நான் நம்புகிறேன், இல்லையென்றால் அந்தக் குரல் வராது.

நான் மேடையில் பார்த்த அந்த நீண்ட 'ஸெட்டோ' 1972 பதிவில் அவ்வளவு நீளமாக இல்லை. மேடையில் பாடப் பாட அது வளர்ந்தது. பிற்காலத்தில் வணக்கம் சொல்ல, விடைபெற, டிவி நிகழ்ச்சியில் ஆளைச் சிரிக்கவைக்க என்று எல்லாவற்றுக்கும் அதுவே அவர் முத்திரை ஆகிவிட்டது.

அதன் பிறகு வந்த பாட்டுகளை வரிசை வைத்துச் சொன்னால் இந்தப் பதிவு முடியாது. பேபல் 2, கிரேட் மஜிங்கா, கமென் ரைடர் எக்ஸ், கமென் ரைடர் ஸ்ட்ராங்கர், டெக்காமேன், காம்பாட்லர் வி. மொத்தக் கணக்கு 1200 பாட்டைத் தாண்டும் என்கிறார்கள்.

ஆனால் இரண்டைப் பற்றி மட்டும் நின்று சொல்ல வேண்டும், மிஸுகி என்றால் கத்தல் என்று நினைப்பவர்களுக்காக. ஒன்று, 'லூபன் 3' இரண்டாவது தொடரின் முடிவுப் பாட்டு. திருடன் கதை, இசை ஓனோ யூஜி. ராத்திரி நேரத்து பாரில் ஓரமாக உட்கார்ந்து பாடுவது போன்ற ஜாஸ். மிஸுகி குரலைத் தாழ்த்தி, சொல்லின் கடைசியில் மூச்சைக் கொஞ்சம் கலந்து விடுகிறார். காதல் பாட்டோடு அறிமுகமாகித் தோற்ற அந்த இருபது வயது இளைஞன் எங்கேயும் போகவில்லை, உள்ளேயே இருந்திருக்கிறான். இன்னொன்று, 1978-ல் வந்த 'கேப்டன் ஹார்லாக்'. விண்வெளியில் மண்டையோட்டுக் கொடி கட்டிய கப்பலில் தனியே திரியும் கடற்கொள்ளையன். மாட்சுமோட்டோ லெய்ஜியின் கதை. அந்தப் பாட்டில் அவசரமே இல்லை, அலை ஏறி இறங்குவது போல வரிகள் ஏறி இறங்குகின்றன. தோற்றவன் ஒருவன் நிமிர்ந்து நிற்கிற குரல் அது. மிஸுகி பாடியதில் ஒன்றே ஒன்றைத்தான் வைத்துக்கொள்ளலாம் என்று யாராவது சொன்னால் நான் மஜிங்காவை விட்டுவிட்டு ஹார்லாக்கை எடுத்துக்கொள்வேன்.

இடையில் இன்னொரு வேலையும் பார்த்தார். 1976 முதல் 1979 வரை ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்.எச்.கே.யின் 'அம்மாவோடு சேர்ந்து' என்ற மழலையர் நிகழ்ச்சியில் அவர்தான் 'உதா நோ ஒனீசான்', அதாவது பாட்டு அண்ணா. நடக்கப் பழகிய வயதுப் பிள்ளைகள் கூட்டத்துக்கு நடுவே நின்று அவர்களோடு பாட வேண்டும். ஒரு நாள் ரோபோவுக்காகத் தொண்டை கிழியப் பாடியவர், அடுத்த நாள் மூன்று வயதுப் பிள்ளையோடு உட்கார்ந்து பாடியிருக்கிறார். அப்புறம் ரசிகர்கள் அவருக்குக் கொடுத்த பட்டம் 'அனிகி'. இதுவும் அண்ணன்தான், ஆனால் 'ஒனீசான்' என்றால் வீட்டில் கூப்பிடும் மரியாதையான 'அண்ணா', 'அனிகி' என்றால் தெருமுனையில் தோளில் கைபோட்டுக் கூப்பிடும் 'அண்ணே'. தமிழில் இந்த இரண்டுக்கும் வித்தியாசம் சொல்லித் தர வேண்டியதில்லை. ஒரே ஆள் இரண்டாகவும் இருந்திருக்கிறார்.

எண்பதுகளில் காற்று மாறியது. 1983-ல் 'கேட்ஸ் ஐ' தொடருக்கு அன்ரி என்ற பாடகி பாடிய பாட்டு நாடு முழுவதும் விற்பனையில் முதலிடம் பிடித்தது. கேட்டால் சாதாரண பாப் பாட்டு, டிஸ்கோவில் போடலாம். இசை நிறுவனங்களுக்குக் கணக்கு புரிந்துவிட்டது. அனிமே என்பது தங்கள் பாடகரை வாரா வாரம் இலவசமாக விளம்பரப்படுத்தும் இடம். தொண்ணூறுகளில் முகப்புப் பாட்டுகளில் வீரனின் பெயர் காணாமல் போனது. ஆயுதங்களின் பெயர் போனது. பாட்டுக்கும் கதைக்கும் சம்பந்தமே இல்லாமல் நல்ல பாட்டுகள் நிறைய வந்தன. அவற்றில் சில எனக்கு உயிர், மறைக்க மாட்டேன். ஆனால் மிஸுகி போன்றவர்கள் செய்த வேலைக்கு இடம் சுருங்கியது உண்மை.

அப்போது அவர் செய்ததுதான் எனக்கு இன்றும் பிரமிப்பு. 1999 ஆகஸ்ட் 30, 31. ஃபூஜி மலையடிவாரத்தில் காவாகுச்சி ஏரிப் பக்கம் இருக்கும் ஸ்டெல்லர் தியேட்டர் என்ற அரைவட்ட அரங்கம். 24 மணி நேரத்தில் 1000 பாட்டு. 51 வயதில்.

ஒரு தாளில் கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஒரு நாளைக்கு 86,400 விநாடி. ஆயிரத்தால் வகுத்தால் ஒரு பாட்டுக்கு 86 விநாடி கிடைக்கிறது. தண்ணீர் குடிக்கிற நேரம், சட்டை மாற்றுகிற நேரம், பேசுகிற நேரம், எல்லாம் அதிலிருந்துதான் போக வேண்டும். முழுப் பாட்டாகப் பாட வழியே இல்லை, சுருக்கிக் கோத்துத்தான் போயாக வேண்டும். இன்னொரு விஷயமும் அப்போதுதான் உறைத்தது. டிவியில் வரும் அனிமே முகப்புப் பாட்டின் வழக்கமான நீளம் ஒன்றரை நிமிடம், 90 விநாடி. அவர் வாழ்நாள் முழுவதும் பழகிய அளவு அதுதான். ஒரு முன்னிசை, ஒரு எடுப்பு, ஏறி வந்து ஒரு உச்சம், முடிவு, எல்லாம் அந்தச் சின்ன டப்பாவுக்குள் அடங்கியாக வேண்டும், அதற்குள் ஒரு பிள்ளை சோற்றுத் தட்டை விட்டுவிட்டு டிவி முன்னால் ஓடிவந்திருக்க வேண்டும். அந்த ஒன்றரை நிமிடத்தை ஒரு நாள் முழுக்க, ஒரு இரவும் ஒரு பகலுமாக, மனிதர் அடுக்கிக்காட்டினார்.

அடுத்த வருடம், 2000-ல், ஜாம் ப்ராஜெக்ட் என்ற குழுவை ஆரம்பித்தார். டிராகன் பால் ஸெட்டின் முகப்புப் பாட்டைப் பாடிய ககேயமா ஹிரோனொபு, எண்டோ மசாகி, சகாமோட்டோ எய்ஸோ, அப்புறம் போகிமான் கதாநாயகன் சதோஷிக்குக் குரல் கொடுத்த மட்சுமோட்டோ ரிகா. ஐந்து பேரும் தனித்தனியாகவே பெயர் எடுத்தவர்கள். தொடரின் பெயரை வாய்விட்டுச் சொல்லிப் பாடும் பாட்டு சாகக் கூடாது என்பதுதான் கூட்டணியின் அடிப்படை. சுமார் இரண்டு வருடம் முழுநேரமாக நின்றார், பிறகு கொஞ்சம் விலகி இளையவர்களிடம் விட்டார். குழு நின்றுவிடவில்லை, 2015-ல் 'ஒன் பஞ்ச் மேன்' பாட்டு அவர்கள் குரலில்தான் உலகம் சுற்றியது. மிஸுகி அதில் பாடவில்லை. ஆனாலும் அதைக் கேட்கும்போதெல்லாம் பின்னால் அவர் நிற்பது போல இருக்கும்.

2018 ஜனவரியில் ஜப்பானில் 'மஜிங்கா ஸெட் இன்ஃபினிட்டி' திரைப்படம் வெளிவந்தது. முகப்புப் பாட்டை மிஸுகியே மறுபடி பாடினார். இந்த முறை இசை வதனபே தோஷியுகி, பழைய இசையமைப்பாளர் வதனபே மிச்சியாகியின் மகன். அப்பா போட்ட மெட்டை மகன் பெரிய வாத்தியக் குழுவுக்கு விரித்து எழுத, அதே ஆள் 45 வருடம் கழித்து அதே வரிகளைப் பாடுகிறார்.

இரண்டையும் மாற்றி மாற்றிக் கேட்பது எனக்கு ஒரு பழக்கமாகிவிட்டது. 24 வயதுக் குரல் முன்னால் ஓடுகிறது, தாளத்தை இழுத்துக்கொண்டு போகிறது, பையன்தான் ரோபோவை ஓட்டுகிறான். எழுபதை நெருங்கிய குரல் ஓடுவதில்லை. அடியில் கனம் சேர்ந்திருக்கிறது, வரியின் முடிவில் நடுக்கம் அகலமாகியிருக்கிறது, சொற்கள் ஒவ்வொன்றும் தரையில் ஊன்றி விழுகின்றன. முதலில் பையன் பாடினான், இப்போது ரோபோவே பாடுகிறது என்று என் நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன். 'பைல்டர் ஆன்' வரும் இடத்தில் மட்டும் இரண்டு குரலுக்கும் வயசு வித்தியாசம் தெரியாது. கேட்டுப் பாருங்கள்.

2021-ல் அவர் குரல்நாண் சரியாக இயங்கவில்லை என்று தெரிந்தது. ஏன் என்று சோதித்தபோது நுரையீரல் புற்றுநோய். மூளைக்கும் பரவியிருந்தது. 2022 ஜூலையில் அதை வெளியே சொன்னார், சொல்லிவிட்டு ஓயவில்லை, சிகிச்சையும் பயிற்சியும் எடுத்துக்கொண்டு திரும்ப மேடைக்கு வந்தார். அதற்குச் சில வாரம் முன்பு, ஜூன் 23 அன்று, வதனபே மிச்சியாகி 96 வயதில் காலமாகியிருந்தார்.

கடைசி மேடை நவம்பர் 27. கூடப் பாடியவர் ஹோரியே மிட்சுகோ. 1969-ல் பன்னிரண்டு வயதுச் சிறுமியாகக் கார்ட்டூன் பாட்டு பாட வந்தவர், 'கேண்டி கேண்டி' பாடியவர், ஏறக்குறைய மிஸுகியின் பாட்டு வாழ்க்கை முழுவதையும் பக்கத்தில் இருந்து பார்த்தவர். மிஸுகி சக்கர நாற்காலியில் வந்து பாடினார். ஆறு நாள் கழித்து, டிசம்பர் 3-ம் தேதி, மஜிங்கா ஸெட் முதன்முதலில் ஒளிபரப்பாகி சரியாக ஐம்பது வருடம் நிறைந்தது. டிசம்பர் 6-ம் தேதி அவர் போய்விட்டார். வயது 74.

செய்தி வெளியே வந்தது 12-ம் தேதி. அன்று வகுப்பு இருந்தது. சென்ஸே பாடப் புத்தகத்தைத் திறக்கவில்லை. லேப்டாப்பில் ஹார்லாக் பாட்டைப் போட்டார். ஒன்பது பேர் உட்கார்ந்து கேட்டோம். முடிந்ததும் அவர் மஜிங்காவைப் போட்டார், மேடையில் பாடியது, நான் முதல் நாள் பார்த்த அதே காட்சி. இழுப்பு வந்தது, கூட்டம் காத்திருந்தது. அந்த ஒற்றின் இடத்தில் எங்கள் வகுப்பிலும் சத்தமில்லை. பிறகு 'டோ'வை நாங்கள் எல்லோருமே சொன்னோம்.